ஊர்ப் பள்ளிக்கு உரியவர் யார்?

நாங்குநேரியில் தலித் மாணவர் ஒருவரை உடன் பயின்றவர்களே வெட்டிய கொடுமையை ஆராய்ந்த நீதிபதி சந்துரு குழு, தொடக்கப் பள்ளிகளின் நிர்வாகத்தை ஊராட்சி ஒன்றியங்களிடமே ஒப்படைக்கச் சொன்னது. அந்த யோசனை எவ்வளவு நியாயமானது, எவ்வளவு எச்சரிக்கை வேண்டுவது என்ற இரண்டையும் தாமிரபரணிக் கரையின் கல்விச் சரித்திரமே எடுத்துரைக்கிறது.

பாபநாசத்தில் மலையை விட்டிறங்கும் தாமிரபரணி புன்னைக்காயலில் கடலை அடையும் வரை, அதன் இரு கரைகளிலும் பள்ளிக்கூடம் எட்டாத ஊரைக் காண்பது அரிது. அந்தப் பள்ளிகளுள் பலவற்றின் முகப்பில் 'ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளி' என்ற பலகை இருக்கிறது. அதைப் படிக்கும் வெளியூர்க்காரர் ஒருவர், அந்த ஒன்றியத்து மக்கள் தேர்ந்தெடுத்த மன்றம்தான் அந்தப் பள்ளியை நடத்துகிறது என்று எண்ணிக்கொண்டால் அவரைக் குறை சொல்வதற்கில்லை. ஆனால் உண்மை வேறு. கட்டடமும் அது நிற்கும் மனையும் ஒன்றியத்தின் பொறுப்பு; ஆசிரியரை நியமிப்பதும் மாற்றுவதும் தொடக்கக் கல்வித் துறையின் அதிகாரம்; மதிய உணவு சமூக நலத் துறையின் கணக்கு; பாடத்திட்டமும் பாடநூலும் சென்னையில் தீர்மானிக்கப்பட்டு வருபவை; குழந்தைகளின் வருகைப் பதிவோ நாள்தோறும் காலையில் ஆசிரியரின் கைப்பேசி வழியாகச் சென்னைக்கே போய்ச் சேருகிறது.

இத்தகைய பள்ளியொன்றில் தண்ணீர்த் தொட்டியின் குழாய் உடைந்துவிட்டதாக வைத்துக்கொள்வோம். தலைமை ஆசிரியர் வட்டாரக் கல்வி அலுவலருக்கு எழுதுகிறார். அவர் அதை வட்டார வளர்ச்சி அலுவலருக்கு அனுப்புகிறார். ஒன்றியத்துப் பொறியாளர் வந்து பார்த்து மதிப்பீடு தயாரிக்க வேண்டும். மதிப்பீட்டுக்கு நிதி ஒதுக்கீடாக வேண்டும். பிள்ளைகள் எதிர்வீட்டு அடிபம்பில் தண்ணீர் குடித்துக்கொண்டிருப்பதைப் பொறுக்க முடியாமல், கடைசியில் தலைமை ஆசிரியர் தம் கைப்பணத்தில் உள்ளூர்க் குழாய்க்காரரை அழைத்துச் சரிசெய்துவிடுவதே நாம் எங்கும் காணும் முடிவு. பள்ளியின் ஒவ்வோர் அங்கமும் ஒவ்வோர் இலாகாவுக்குச் சொந்தமாயிருக்க, பள்ளி முழுவதற்கும் பதில் சொல்லக் கடமைப்பட்டவர் என்று சுட்டிக் காட்டத்தக்க ஒருவரும் ஊரில் இல்லை. 2021ஆம் ஆண்டு டிசம்பர் 17ஆம் நாள் நெல்லை நகரில் ஒரு பள்ளியின் கழிவறைச் சுவர் இடிந்து விழுந்து மூன்று மாணவர்கள் மாண்ட பிறகுதான், மாநிலமெங்கும் பள்ளிக் கட்டடங்களைச் சோதித்துப் பழுதானவற்றை இடிக்கும்படி உத்தரவுகள் பறந்தன. சுவரில் விரிசல் காண்பதற்குத் தலைநகரத்து உத்தரவு தேவையில்லை. நாள்தோறும் அவ்வழியே போகிறவரின் கண்ணும், அந்தக் கண் கண்டதைக் காரியமாக்கும் அதிகாரமும் இருந்தால் போதும்.

திண்ணையும் போர்டும்

ஊரே பள்ளியை நடத்துவது நம் நாட்டுக்குப் புதிய விஷயமன்று. 1822இல் சென்னை ராஜதானியின் கவர்னராக இருந்த சர் தாமஸ் மன்றோ, ஒவ்வொரு ஜில்லாவிலும் எத்தனை பள்ளிகள், எத்தனை மாணவர், என்ன படிப்பு என்று கலெக்டர்களிடம் கணக்குக் கேட்டார். திருநெல்வேலியிலிருந்தும் கணக்குப் போயிற்று. 1826இல் மன்றோ தொகுத்தெழுதிய குறிப்பின்படி ராஜதானி முழுவதிலும் 12,498 பள்ளிகளும் அவற்றில் 1,88,650 மாணவரும் இருந்தனர். அவை பெரும்பாலும் திண்ணைப் பள்ளிகளே. மணலில் எழுதிப் பழகி, எண்சுவடியை மனனம் செய்து, சட்டாம்பிள்ளையின் மேற்பார்வையில் பாடம் ஒப்பித்த அந்தப் பிள்ளைகளின் உபாத்தியாயருக்கு, அறுவடைக் காலத்தில் நெல்லும் பண்டிகை நாட்களில் துணியும் காணிக்கையுமாக ஊரார் கொடுத்ததே ஜீவனோபாயம். அவர் நன்றாகச் சொல்லிக் கொடுக்கிறாரா என்று பார்க்க இன்ஸ்பெக்டர் ஒருவரும் வரவில்லை. பிள்ளையின் தகப்பனார் பார்த்தார்.

இதைச் சொல்லி, பொற்காலம் ஒன்றை இழந்துவிட்டோம் என்று பெருமூச்சு விடுவது இந்தக் கட்டுரையின் நோக்கமன்று. அந்தத் திண்ணையில் ஊரின் எல்லாப் பிள்ளைகளுக்கும் இடம் இருக்கவில்லை. சேரிப் பிள்ளைகளுக்குக் கதவு அடைத்திருந்தது. பெண் குழந்தைகளின் எண்ணிக்கை சொல்லத்தக்கதாய் இல்லை. 1820இல் பாளையங்கோட்டைக்கு வந்த ரேனியஸ் பாதிரியாரும் அவருக்குப் பின் வந்தவர்களும், ஜெபவீட்டோடு பள்ளிக்கூடத்தையும் சேர்த்துக் கட்டி, உபதேசியாரையே உபாத்தியாயராகவும் அமர்த்தி, பனையேறிகளின் பிள்ளைகளுக்கும் ஒடுக்கப்பட்டோர் வீட்டுப் பெண்களுக்கும் எழுத்தறிவித்தபோதுதான் அந்தக் கதவு அசைந்தது. பார்வையற்றோர்க்கும் செவித்திறன் இழந்தோர்க்கும் தனிப் பள்ளிகள் கண்ட பாளையங்கோட்டை தென்னிந்தியாவின் ஆக்ஸ்போர்டு என்று பெயர் பெற்றதற்கு அந்தச் சிற்றூர்ப் பள்ளிகளே வேர். இன்றும் நெல்லைச் சீமையில் சேகரத்துக் குருவானவர் தாளாளராயிருக்கும் அரசு உதவி பெறும் தொடக்கப் பள்ளிகளுக்குக் குறைவில்லை.

ஜனங்கள் தேர்ந்தெடுக்கும் ஸ்தாபனங்களின் கையில் ஆரம்பக் கல்வி வந்தது அதன் பிறகு. 1882இல் ரிப்பன் பிரபுவின் ஸ்தல சுயாட்சித் தீர்மானமும், அதே காலத்தில் ஹண்டர் கமிஷன் ஆரம்பக் கல்வியை உள்ளூர் ஸ்தாபனங்களுக்கு விடவேண்டும் என்று சொன்ன அபிப்பிராயமும், 1884ஆம் ஆண்டின் ஸ்தல ஸ்தாபனச் சட்டமும் அதற்கு வழி வகுத்தன. 1920ஆம் ஆண்டின் சென்னை ஆரம்பக் கல்விச் சட்டம் ஜில்லாதோறும் கல்விக் கவுன்சில் அமைத்ததோடு, கல்விக்கென்றே வரி விதிக்கவும் உரிமை தந்தது. இன்றும் நகரவாசிகள் செலுத்தும் சொத்து வரியில் கல்வி வரி என்ற இனம் ஒன்று இருப்பது அந்தச் சட்டத்தின் சந்ததியே. எழுபது எண்பது வயதைக் கடந்த நெல்லைக்காரர் எவரைக் கேட்டாலும் 'போர்டு ஸ்கூலில் படித்தேன்' என்று சொல்வதைக் கேட்கலாம். தம்முடைய ஜில்லா போர்டு நடத்திய பள்ளி என்ற உரிமை அந்தச் சொல்லில் ஒலிக்கும்.

நான்கு காசின் மகத்துவம்

ஊரும் சர்க்காரும் கைகோத்துக் கல்வியை வளர்த்த காலம் ஒன்று உண்டென்றால் அது காமராஜர் முதலமைச்சராக இருந்த காலம். அவர் படித்த விருதுநகர் க்ஷத்திரிய வித்தியாசாலை, வீட்டுக்கு வீடு நாள்தோறும் எடுத்து வைத்த பிடி அரிசியைக் கொண்டு வளர்ந்த பள்ளி. ஆகையால் ஏழை ஊர்களுக்கும் கொடுக்கும் மனம் உண்டு, கேட்கத்தான் ஆளில்லை என்பதை அவர் எந்தப் புத்தகத்திலும் படித்துத் தெரிந்துகொள்ள வேண்டியிருக்கவில்லை. பசியோடு வரும் பிள்ளைக்குப் பாடம் ஏறாது என்று கண்டு மதிய உணவுத் திட்டத்தை அவர் 1956இல் தொடங்கி வைத்தது, அன்று திருநெல்வேலி ஜில்லாவைச் சேர்ந்திருந்த எட்டயபுரத்தில். பாரதி பிறந்த அதே எட்டயபுரத்தில். முதலில் ஊரார் கொடுத்த தானியத்தையும் பணத்தையும் நம்பியே அடுப்பு எரிந்தது. பின்னர்ச் சர்க்கார் தன் பங்கை ஏற்றபோது, ஒரு சாப்பாட்டுக்குப் பத்து நயா பைசா என்று கணக்கிட்டு, அதில் ஆறு காசைச் சர்க்காரும் நான்கு காசை ஊரும் தருவதென்று ஏற்பாடாயிற்று.

அந்த நான்கு காசை ஒரு சிறிய தொகை என்று எண்ணிவிடலாகாது. அதைக் கொடுத்த ஊர், சோறு வெந்ததா, பருப்பு இருந்ததா, எல்லாப் பிள்ளைகளும் ஒரே பந்தியில் உட்கார்ந்தார்களா என்று கேட்கும் பாத்தியதையையும் பெற்றது. கல்வி இயக்குநர் நெ.து. சுந்தரவடிவேலு 1958இல் செங்கற்பட்டு ஜில்லாவின் கடம்பத்தூரில் தொடங்கி ராஜ்யமெங்கும் நடத்திய பள்ளிச் சீரமைப்பு மாநாடுகளும் இவ்வகையினவே. இந்த ஊருக்குக் கரும்பலகை, அந்த ஊருக்குக் கடிகாரம், இன்னோர் ஊருக்குக் கிணறு, மேசை, நாற்காலி, வகுப்பறை என்று ஆசிரியர்கள் பட்டியல் தயாரிக்க, ஊரார் மேடையேறித் தம்மால் இயன்றதை அறிவித்தார்கள். அதே காலத்தில்தான் 1958ஆம் ஆண்டின் பஞ்சாயத்துச் சட்டம் வந்து, 1960, 61ஆம் ஆண்டுகளில் ஜில்லா போர்டுகள் மறைந்து, இன்று ஊராட்சி ஒன்றியம் எனப்படும் பஞ்சாயத்து யூனியன்கள் பிறந்து, ஆரம்பப் பள்ளிகள் அவற்றின் பரிபாலனத்துக்கு மாறின. ராஜ்யத்தின் பணமும் ஊரின் அக்கறையும் இவ்வளவு நெருங்கி நின்ற சமயம் முன்னும் இல்லை, பின்னும் இல்லை.

சேரன்மாதேவி கற்பித்தது

ஊரின் கையில் பள்ளியை ஒப்படைத்தால் எல்லாம் நலமாகிவிடும் என்று யாரேனும் சொன்னால், அவரை நாம் சேரன்மாதேவிக்கு அழைத்துச் செல்ல வேண்டும். தாமிரபரணிக் கரையில் அமைந்த அந்த ஊரில்தான் 1920களில் தேசபக்தர் வ.வே.சு. ஐயர் தமிழ்க் குருகுலத்தை நடத்தினார். அந்நிய சர்க்காரின் பணத்தையும் மேற்பார்வையையும் வேண்டாமென்று ஒதுக்கி, தமிழையும் தொழிலையும் தேச உணர்ச்சியையும் கற்பிக்க எழுந்த அந்த வித்தியாலயத்துக்குத் தமிழ்நாடு காங்கிரஸ் கமிட்டி 5,000 ரூபாய் அளித்தது. தமிழ் மக்கள் பலரும் தம் பொருளை ஈந்தார்கள். பலருடைய பணத்தில் நடந்த அந்தப் பள்ளியில், பிராமணப் பிள்ளைகள் சிலருக்கு மட்டும் தனியே சாப்பாடு என்ற செய்தி வெளிவந்தபோது தமிழகமே அதிர்ந்தது.

பெரியார் ஈ.வெ. ராமசாமியும் டாக்டர் வரதராஜுலு நாயுடுவும் எழுப்பிய கேள்வி மிக எளியது: பொதுமக்கள் பணத்தில் நடக்கும் பள்ளியில் பிறப்பால் பேதம் பார்க்க யாருக்கு அதிகாரம்? பெற்றோரின் விருப்பத்தை மதிக்கிறோம் என்று மறுமொழி சொல்லப்பட்டது. உள்ளூர் வழக்கம், பெற்றோர் விருப்பம் என்ற சொற்கள் எவ்வளவு சுலபமாகப் பேதத்துக்குக் கேடயமாகிவிடும் என்பதை அந்த மறுமொழி வெட்டவெளிச்சமாக்கியது. காங்கிரசுக்குள் அது மூட்டிய கலகம் 1925ஆம் ஆண்டின் தமிழக அரசியலையே திருப்பிவிட்டது. அந்த ஆண்டு ஜூன் மாதம், பாபநாசத்து அருவியில் தவறி விழுந்த தம் மகளைக் காப்பாற்றப் பாய்ந்த வ.வே.சு. ஐயர் மகளோடு உயிர் துறந்தார். அவருடைய தியாகத்தையும் தமிழ்த் தொண்டையும் நாம் என்றும் போற்றுவோம். அவருடைய குருகுலம் தவறிய இடத்தையும் என்றும் மறவாதிருப்போம். பள்ளி ஊருடையது என்று சொல்லும்போது, அந்த ஊர் என்பது அக்கிரகாரமும் மேலத் தெருவும் கீழத் தெருவும் சேரியும் பள்ளிவாசல் தெருவும் அனைத்தும் சேர்ந்ததுதான் என்று சட்டத்தாலேயே கட்டிவைத்தாலன்றி, வலியவர்கள் தங்களையே ஊர் என்று சொல்லிக்கொள்வார்கள்.

அதிகாரம் சென்னை போன கதை

யூனியன்களிடமிருந்து பள்ளி நழுவியதற்கு ஆசிரியர்களின் துயரமே பெரிய காரணம். தேர்தலில் தமக்கு வேலை செய்யாத ஆசிரியரைத் தலைவர் தொலைதூரத்துப் பள்ளிக்குத் தூக்கி அடிப்பது, சம்பளம் காலத்தில் வராமல் மளிகைக் கடைக்காரரிடம் கைகட்டி நிற்பது, ஓய்வூதியத்துக்கு உத்தரவாதமில்லாமல் முதுமையை நோக்கிப் போவது ஆகிய இவற்றைப் பழைய தலைமுறை ஆசிரியர்கள் சொல்லக் கேட்டவர்கள், அவர்கள் அரசு ஊழியராக விரும்பியதைக் குற்றமாகக் கருதமாட்டார்கள். தனியார் தாளாளர்களின் பிடியிலிருந்து ஆசிரியர்களைக் காக்க 1973இல் ஒரு சட்டம் வந்தது போலவே, 1981ஆம் ஆண்டு ஜூன் முதல் நாள் தொட்டு ஒன்றியப் பள்ளி ஆசிரியர்கள் அரசு ஊழியர்களாயினர். அது நியாயமான விடுதலை. ஆனால் ஆசிரியரை அநீதியிலிருந்து விடுவித்தபோது, ஊரைப் பொறுப்பிலிருந்தும் விடுவித்துவிட்டோம். 1982இல் சத்துணவுத் திட்டம் மிகப் பெரிதாக விரிந்து பசிப்பிணியைப் போக்கியது. அடுப்பின் முழுச் செலவையும் சர்க்கார் ஏற்றது பேருபகாரமே. எனினும் ஊரின் நான்கு காசு அதன் பிறகு யாருக்கும் தேவைப்படவில்லை.

அதற்குச் சற்று முன்பு 1976இல், நெருக்கடி நிலையின்போது நிறைவேறிய 42ஆவது அரசியல் சட்டத் திருத்தம், மாநிலங்களின் பட்டியலில் இருந்த கல்வியைப் பொதுப் பட்டியலுக்குக் கொண்டுபோயிற்று. அதன் பலனை இன்றும் அனுபவிக்கிறோம்: மத்திய அரசின் திட்டம் ஒன்றில் கையெழுத்திடவில்லை என்பதற்காக 2024–25ஆம் ஆண்டுக்குரிய 2,152 கோடி ரூபாய்க் கல்வி நிதி தமிழ்நாட்டுக்கு நிறுத்தி வைக்கப்பட்டது. டில்லி சென்னையின் கையை முறுக்குகிறது என்று நாம் முறையிடுவது முற்றிலும் நியாயம். அந்த நியாயம், சென்னைக்கும் சேரன்மாதேவிக்கும் இடையிலும் செல்லுபடியாக வேண்டும் அல்லவா? 1993 ஏப்ரல் 24 முதல் நடைமுறைக்கு வந்த 73ஆவது திருத்தத்தின் பதினோராம் அட்டவணையில், ஊராட்சிகளிடம் ஒப்படைக்கத்தக்க 29 இனங்களுள் தொடக்கப் பள்ளியும் உயர்நிலைப் பள்ளியும் அடங்கிய கல்வி 17ஆவதாக நிற்கிறது. மாநிலம் மனம் வைத்து ஒப்படைத்தால்தான் அந்த வரிக்கு உயிர் வரும்.

ஒப்படைப்பது இருக்கட்டும், ஒப்படைத்தால் வாங்கிக்கொள்ளத் தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றமாவது இருந்ததா? 2016 அக்டோபரில் முந்தைய மன்றங்களின் பதவிக்காலம் முடிந்த பின், நெல்லை, தென்காசி மாவட்டங்களின் கிராமங்கள் 2021 அக்டோபரில் தேர்தல் நடக்கும் வரை ஐந்து ஆண்டுகள் தனி அதிகாரிகளின் கீழ் இருந்தன. ஒரு குழந்தை முதல் வகுப்பில் சேர்ந்து ஐந்தாம் வகுப்பை முடிக்கும் காலம் அது. 2023 டிசம்பரில் பிறப்பிக்கப்பட்ட 243ஆம் எண் அரசாணை இன்னும் ஓர் அடி முன்னே போயிற்று: தொடக்கப் பள்ளி ஆசிரியர்களின் பதவி உயர்வுக்கான முன்னுரிமை, ஒன்றிய அளவில் கணக்கிடப்பட்ட முறை நீங்கி, மாநில அளவுக்கு மாறியது. சில ஒன்றியங்களில் பதவி உயர்வே எட்டாமல் நின்றவர்களுக்கு நீதி வழங்கவே இது என்று சொல்லப்பட்டது. டிட்டோஜாக் என்ற ஆசிரியர் சங்கக் கூட்டமைப்பினர், பெண்கள் வீட்டைவிட்டுத் தொலைதூரம் போக நேரும் என்று தெருவில் இறங்கிப் போராடினார்கள். அந்தத் தகராறு எப்படியேனும் தீரட்டும். ஒன்றியத்துக்கும் அதன் ஆசிரியருக்கும் எஞ்சியிருந்த கடைசிக் கண்ணி அன்று அறுந்தது என்பது மட்டும் மறுக்க முடியாதது.

நாங்குநேரிக்குப் பின்

அந்த ஆணைக்குச் சில மாதங்களுக்கு முன், 2023 ஆகஸ்ட் 9ஆம் நாள் இரவு, நாங்குநேரியில் தலித் மாணவர் ஒருவரை, உடன் பயின்ற மாணவர்களே வீடு புகுந்து அரிவாளால் வெட்டினார்கள். தடுக்க வந்த தங்கையும் வெட்டுண்டாள். கையில் கட்டும் வண்ணக் கயிற்றிலேயே சாதியைப் பறைசாற்றும் வழக்கம் நெல்லைப் பள்ளிகளில் வேரூன்றியிருப்பது முன்னரே வெளிவந்திருந்தும், அதைக் களையும் ஆற்றல் பள்ளிகளுக்கு இல்லாமற் போனதன் விளைவு அது. ஓய்வு பெற்ற நீதிபதி கே. சந்துரு தலைமையில் அமைந்த ஒரு நபர் குழு 2024 ஜூன் 18ஆம் நாள் தன் அறிக்கையை முதலமைச்சரிடம் அளித்தது. கயிறு கட்டத் தடை, பள்ளிப் பெயர்களிலிருந்து சாதியை நீக்குதல் முதலிய பரிந்துரைகளைப் பத்திரிகைகள் பெரிதாகப் பேசின. தொடக்கப் பள்ளி ஊழியர்களின் நியமனம், பணியிடம், நீக்கம் உட்பட முழு நிர்வாகத்தையும் ஊராட்சி ஒன்றிய நிலைக்கு அளிக்க வேண்டும், ஸ்தல ஸ்தாபனத்தின் தன்னாட்சி மெய்யானதாக இருப்பதற்குப் புதிய சட்டமே இயற்ற வேண்டும் என்ற பரிந்துரையைப் பேசியவர்கள் மிகச் சிலரே. அது இதுவரை சட்டவடிவம் பெறவில்லை.

சாதி வெறியை ஆராயப் போன ஒரு நீதிபதி, சாதி ஆதிக்கம் குடிகொண்ட அதே கிராமத்தின் மன்றத்திடம் பள்ளியைக் கொடுக்கச் சொல்வது முரண் அல்லவா என்று சிலர் கேட்கக்கூடும். கேள்வியில் பொருள் உண்டு. இடஒதுக்கீட்டில் வென்று பதவி ஏற்ற தலித் தலைவர்களின் கதி என்ன என்பதற்கு, 2006இல் அன்றைய நெல்லை மாவட்டத்து நக்கலமுத்தன்பட்டி ஊராட்சித் தலைவர் கொலையுண்டதே சாட்சி. ஆனால் அதே அறிக்கை, ஒரு வட்டாரத்தில் ஆதிக்கம் வகிக்கும் சாதியைச் சேர்ந்தவர்களை அந்த வட்டாரத்திலேயே கல்வி அதிகாரிகளாகவும் உயர்நிலை, மேல்நிலைப் பள்ளிகளின் தலைமை ஆசிரியர்களாகவும் அமர்த்தலாகாது என்றும் சொல்லியிருப்பதைச் சேர்த்துப் படிக்க வேண்டும். ஊரிடம் அதிகாரத்தைக் கொடு, அந்த அதிகாரம் ஒரு சாதியிடம் சிக்காமல் காவல் வை என்பதே அதன் சாரம். பயத்தின் பேரில் அதிகாரத்தை எல்லாம் சென்னையில் குவித்து வைத்தோமே, அதனால் கயிறு அவிழ்ந்ததா, அரிவாள் கீழே விழுந்ததா? கயிறு கட்டியதும் அரிவாள் ஓங்கியதும் தலைநகரத்து நேரடி ஆட்சியில்தான்.

வெள்ளிக்கிழமைக் கூட்டம்

ஊரின் பங்குக்குச் சட்டத்தில் ஒரு வாசல் ஏற்கெனவே திறந்திருக்கிறது. 2009ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டப்படி ஒவ்வொரு பள்ளிக்கும் ஒரு மேலாண்மைக் குழு. அதில் முக்கால் பங்கினர் பெற்றோர், பாதிப்பேர் பெண்கள். நலிந்த பிரிவினரின் பெற்றோருக்கு உரிய விகிதத்தில் இடம். பள்ளி வளர்ச்சித் திட்டம் தயாரிப்பதும் மானியம் செலவாகும் விதத்தைக் கண்காணிப்பதும் அதன் கடமை. தமிழக அரசு 2022இல் இக்குழுக்களை மறுசீரமைத்து உயிரூட்ட முயன்றது; 2024இல் முன்னாள் மாணவர்களையும் சேர்த்துக்கொண்டது. இந்த முயற்சி மனமாரப் பாராட்டத்தக்கது.

ஆனால் அது போதாது. முக்கூடல் வட்டாரத்தில் இக்குழுவின் கூட்டத்துக்கு வரும் தாய்மாரைப் பார்த்தால் விஷயம் விளங்கும். பீடி சுற்றும் பெண்களுக்கு ஆயிரத்துக்கு இவ்வளவு என்றுதான் கூலி. வெள்ளிக்கிழமைப் பிற்பகலில் இலையும் தூளும் நிறைந்த சுளகை ஒதுக்கி வைத்துவிட்டு வரும் இரண்டு மணி நேரம், அவர்கள் அன்றைய வருமானத்தில் வெட்டிக் கொடுக்கும் பங்கு. அப்படி வந்து உட்கார்ந்தவர்கள், கழிவறைக்குக் கதவு வேண்டும், மூன்றாம் வகுப்புக்கு ஆசிரியர் வேண்டும், சுற்றுச்சுவரைத் தாண்டி ஆடு வருகிறது என்று சொல்கிறார்கள், தீர்மானப் புத்தகத்தில் எழுதப்படுகிறது, கையெழுத்தாகிறது, கைப்பேசிச் செயலியில் ஏற்றப்படுகிறது. அடுத்த மாதமும் அதே கதவு, அதே ஆசிரியர், அதே ஆடு. தீர்மானம் போடும் உரிமையைத் தந்து, தீர்மானத்தை நிறைவேற்றும் உரிமையை வேறிடத்தில் வைத்தால், நாலாவது மாதம் அந்தத் தாய் சுளகை விட்டு எழுந்து வரமாட்டாள். அவளைக் குறை கூறும் அருகதை நமக்கில்லை. அவ்வூர்த் தகப்பன்மார் கடன் வாங்கியேனும் பிள்ளையை மஞ்சள் வேனில் ஏற்றி மெட்ரிகுலேஷன் பள்ளிக்கு அனுப்புவதன் காரணங்களுள் இதுவும் ஒன்று: அங்கே பணம் கட்டியவன் கேள்வி கேட்கலாம், இங்கே தன் வரிப் பணத்தில் நடக்கும் பள்ளியில் யாரைக் கேட்பதென்றே தெரியவில்லை.

நீர் காட்டும் வழி

உலகத்தைப் பார்த்தாலும் இரண்டு பாடங்களே தென்படுகின்றன. அமெரிக்காவில் உள்ளூர்ப் பள்ளி போர்டுகளைக் குடிமக்களே தேர்ந்தெடுக்கிறார்கள். அங்கே பள்ளிச் செலவின் பெரும்பகுதி உள்ளூர்ச் சொத்து வரியை நம்பியிருந்ததால், செல்வர் வாழும் வட்டாரத்துப் பள்ளி செழிக்க, ஏழைகள் வாழும் வட்டாரத்துப் பள்ளி மெலிந்தது. நிறபேதம் கூடாதென்று 1954இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த பிறகும், 1957இல் லிட்டில் ராக் நகரில் ஒன்பது கறுப்பின மாணவர்களைப் பள்ளிக்குள் அழைத்துச் செல்ல மத்திய சர்க்காரின் ராணுவம் வர நேர்ந்தது. செங்கோட்டையைத் தாண்டி ஆரியங்காவுக் கணவாயைக் கடந்தால் மற்றொரு பாடம்: கேரளம் 1990களில் ஆரம்பப் பள்ளிகளைக் கிராம பஞ்சாயத்துகளுக்கும் உயர்நிலைப் பள்ளிகளை ஜில்லா பஞ்சாயத்துகளுக்கும் மாற்றி, திட்ட நிதியில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேலாக ஸ்தல ஸ்தாபனங்களுக்குப் பிரித்துக் கொடுத்தது, ஆசிரியர் நியமனத்தையும் சம்பளத்தையும் மட்டும் மாநிலமே வைத்துக்கொண்டது.

வழியைத் தேடி அவ்வளவு தூரம் போக வேண்டியதுமில்லை. தாமிரபரணியின் எட்டு அணைக்கட்டுகளிலிருந்து எந்தக் கால்வாய்க்கு எவ்வளவு நீர் என்று முறைப்படுத்துவது சர்க்கார். கால்வாய்க்குள் வந்த நீரை மடை திறந்து எந்த வயலுக்கு எப்போது பாய்ச்சுவது என்று பார்த்துக்கொள்வது ஊர். தலைமடைக்காரன் தண்ணீரை மறித்துக்கொண்டால் கடைமடைக்காரன் முறையிட மேலே ஓர் இடமும் உண்டு. பள்ளிக்கும் வேண்டியது இதுதான். ஆசிரியரின் தகுதி, தேர்வு, சம்பளம், ஓய்வூதியம், பாடத்திட்டம், குறைந்தபட்ச வசதி ஆகியவை மாநிலத்தின் கையில் இருக்கட்டும். ஒன்றியத்துக்குள் பணியிடம், விடுப்புக்கு மாற்று ஆசிரியர், கட்டடம், பழுது, தண்ணீர், உணவு ஆகிய யாவும் ஒன்றியத்தின் கல்விக் குழுவிடம், அதற்குரிய பணத்தோடு வரட்டும். அந்தக் குழுவில் பெண்களுக்கும் தலித் பெற்றோருக்கும் கட்டாய இடம் வேண்டும். எந்த ஆசிரியரையும் தலைவர் ஒருவரின் கையெழுத்தால் மாற்றவோ தண்டிக்கவோ இயலாதபடி, மாவட்ட அளவில் சுதந்திரமான மேல்முறையீட்டு மன்றம் வேண்டும். பள்ளியில் சாதி பேதம் தலைகாட்டினால் ஒன்றியத்தின் அதிகாரம் அந்தக் கணமே நின்று மாவட்ட நிர்வாகம் தலையிட வேண்டும். மேலாண்மைக் குழுவுக்குச் சிறு பழுதுகளைத் தானே பார்த்துக்கொள்ளும் நிதி வேண்டும். அதன் கூட்டம் உழைக்கும் மக்களுக்கு ஏற்ற வேளையில் நடக்க வேண்டும். யாவற்றுக்கும் மேலாக, ஊராட்சித் தேர்தல் எந்தச் சாக்குப்போக்குமின்றி ஐந்தாண்டுக்கொரு முறை நடந்தே தீர வேண்டும்.

இவற்றுள் எதற்கும் அரசியல் சட்டத்தைத் திருத்த வேண்டியதில்லை; தமிழகச் சட்டமன்றம் ஒரு கூட்டத் தொடரில் நிறைவேற்றிவிடக் கூடியவை. மாநில சுயாட்சிக்காக அரை நூற்றாண்டாகக் குரல் கொடுத்துவரும் கட்சிகள், அதே சுயாட்சியின் ஒரு பங்கை ஒன்றியத்துக்குக் கொடுக்கத் தயங்குவது அவர்களுடைய சரித்திரத்துக்கு அழகன்று. சந்துரு குழுவின் அந்தப் பரிந்துரையை அலமாரியிலிருந்து எடுத்துச் சட்டமாக்கும்படி, உங்கள் தொகுதி உறுப்பினருக்கு எழுதுங்கள். அதற்கு முன், அரசுப் பள்ளியில் உங்கள் பிள்ளை படித்தாலும், நீங்களே படித்தவராயிருந்தாலும், அடுத்த மேலாண்மைக் குழுக் கூட்டத்துக்குப் போய், தீர்மானப் புத்தகத்தைக் கேட்டு வாங்கி, சென்ற மாதத் தீர்மானம் என்னவாயிற்று என்று கேளுங்கள். கேட்பார் இல்லாத பள்ளியை எந்தச் சட்டமும் காப்பாற்றாது.